மேற்குப் பாதி

வழக்கில் ஜெயித்தவர் வெளியே நிற்க வேண்டும், தோற்றவர் உள்ளே இருக்கலாம் என்று எந்தச் சட்டப் புத்தகத்திலும் எழுதியிருக்கவில்லை. யோகலட்சுமி தேடிப் பார்த்துவிட்டாள். எழுதாததுதான் நடந்தது. அவள் அம்மா வள்ளியம்மாளுக்கு அது ஏழு வருஷம் நடந்தது.

திருத்தணியிலிருந்து ஆர்.கே.பேட்டைக்குப் போகும் சாலையோரம் ஒரு நெசவுத் தெருவில் அவர்கள் வீடு. வீட்டுக்குப் பின்னால் நீளமான ஓட்டுக்கூரைத் தறிக்கூடம். யோகலட்சுமியின் தாத்தா கட்டியது. மூத்த மகன் பரந்தாமனுக்குக் கிழக்குப் பாதி, இளையவர் தீனதயாளனுக்கு மேற்குப் பாதி. நடுவில் சுவர் இல்லை, ஒரு தூண் மட்டும். அண்ணன் தம்பிக்குள் சுவர் எதற்கு என்று தாத்தா சொன்னாராம். அந்த ஒரு வாக்கியத்துக்காகவே யோகலட்சுமிக்கு அந்த மனுஷர் மேல் தீராத கோபம் உண்டு.

தீனதயாளன் தொண்ணூற்றொன்றில் இறந்தார். வள்ளியம்மாள் அழுது முடித்து, பதினேழாம் நாள் கணவனின் குழித்தறியில் இறங்கி உட்கார்ந்தாள். அதுவரை ராட்டை சுற்றிக்கொண்டிருந்தவள் ஆறே மாதத்தில் ஆண்களுக்குச் சமமாகப் புடவை இறக்கினாள். தெருவில் யாரும் அதை எதிர்பார்க்கவில்லை. பரந்தாமனும் எதிர்பார்க்கவில்லை. தம்பி மனைவி மகளோடு தாய்வீட்டுக்கு மணவூர் போய்விடுவாள், கூடம் முழுவதும் தனக்கு ஆகிவிடும் என்று அவர் நம்பி இருந்திருக்க வேண்டும். அவள் போகாததால் ஓர் உயில் வந்தது. அப்பா கூடத்தை முழுவதும் எனக்கே எழுதிவைத்தார் என்று தொண்ணூற்றிரண்டில் அவர் வழக்குப் போட்டார்.

நாலு வருஷம் நடந்தது அந்த முதல் வழக்கு. உயிலில் சாட்சிக் கையெழுத்துப் போட்டவர் கூண்டில் ஏறி, எந்த ஊரில் வைத்துக் கையெழுத்துப் போட்டேன் என்பதையே மூன்று விதமாகச் சொன்னார். உயில் நிரூபிக்கப்படவில்லை என்று தொண்ணூற்றாறு மாசியில் கோர்ட் வழக்கைத் தள்ளியது. பன்னிரண்டாம் வகுப்பில் இருந்த யோகலட்சுமி தீர்ப்பை வாசித்துக் காட்டினாள். வள்ளியம்மாள் கேசரி கிண்டித் தெருவுக்குக் கொடுத்தாள், பரந்தாமன் வீட்டுக்கும் ஒரு கிண்ணம் அனுப்பினாள். கிண்ணம் அப்படியே திரும்பி வந்தது.

"பாவாவுக்கு சர்க்கரை வியாதின்னு மறந்துட்டேன்டி," என்றாள் வள்ளியம்மாள். பரந்தாமனை அவள் பாவா என்றுதான் கூப்பிடுவாள். புருஷனின் அண்ணன் அல்லவா. வழக்கு நடந்த நாளிலும் கோர்ட் வாசலில் "நாஷ்டா துன்னீங்களா பாவா?" என்று கேட்டவள்.

அந்த வருஷம் புரட்டாசியில் நடந்ததுதான் எல்லாவற்றுக்கும் காரணம். அன்று வள்ளியம்மாள் பாவு பிணைத்துக்கொண்டிருந்தாள்.

தறியில் பழைய பாவு, அதாவது நெடுக்கு இழைகள், தீரும்போது அதை முழுக்க அறுத்து எடுத்துவிட மாட்டார்கள். அச்சில் மிச்சமிருக்கும் பழைய இழை ஒவ்வொன்றோடும் புதுப் பாவின் இழை ஒன்றை வைத்து, விரலில் சாம்பல் தொட்டு முறுக்கிப் பிணைக்க வேண்டும். ஒரு புடவைப் பாவுக்கு இரண்டாயிரத்துச் சொச்சம் இழை. எதிரே ஒருவர் இழை பிரித்துக் கொடுக்க, இவர் பிணைக்க, முழு நாள் வேலை. உட்கார்ந்துவிட்டால் கடைசி இழை முடியும்வரை இரண்டு பேரும் எழுந்திருக்கக் கூடாது. எழுந்தால் இழை தப்பும் என்பது காரணம். வீட்டுக்கு ஆகாது என்பது அந்தக் காரணத்துக்கு மேல் போட்ட பூட்டு. இழை பிரித்துக் கொடுத்துக்கொண்டிருந்தது யோகலட்சுமி. அப்போது அவள் திருத்தணி கல்லூரியில் பி.ஏ. முதல் வருஷம் சேர்ந்து மூன்று மாதம் ஆகியிருந்தது.

கோர்ட் அமீனா வந்து வாசலில் நின்றார். தோளில் துணிப்பை, கையில் மடித்த காகிதம்.

"வள்ளியம்மாள் யாரும்மா?"

"நான்தான். இன்னா?"

"நோட்டீஸ். கையெழுத்துப் போட்டு வாங்கிக்க."

"கேஸ்தான் முடிஞ்சிடுச்சே. ஜெயிச்சிட்டமே."

"அதெல்லாம் எனக்குத் தெரியாது. வாங்குறியா, இல்லியா?"

"வாங்க மாட்டேன்னா சொன்னேன்? பாவு பிணைச்சுகினு இருக்கேன், எழுந்திரிக்கக் கூடாது. கை பூரா சாம்பல் பாருங்க. சாயங்காலமா வாங்க, காப்பி வெச்சுத் தர்றேன்."

"உன் காப்பிக்காக நான் இன்னொரு வாட்டி பஸ் ஏறி வரணுமா?"

"அப்ப அந்தத் தூணாண்ட வெச்சிட்டுப் போங்க. எங்க ஓடிடப் போறேன்?"

அவர் வைக்கவில்லை. கிழக்குப் பாதிக்குப் போனார். அங்கே பரந்தாமனின் விசைத்தறி ஓட்டும் ஜம்புலிங்கத்திடம் ஏதோ கையெழுத்து வாங்கினார். போய்விட்டார். சாயங்காலம் வள்ளியம்மாள் சொன்னபடி காப்பி வைத்துக் காத்திருந்தாள். அவர் வரவில்லை. இரண்டு நாள் பேசிக்கொண்டார்கள். தீர்ப்பு நகலாக இருக்கும், வேண்டுமானால் திரும்ப வருவார்கள் என்றாள் யோகலட்சுமி. படித்தவள் சொன்னால் சரி என்று வள்ளியம்மாள் விட்டுவிட்டாள்.

படித்தவள். அந்தச் சொல்லை நினைத்து யோகலட்சுமி பின்னாளில் எத்தனை தடவை கூசிப்போயிருக்கிறாள்! ஐந்து அடி தூரத்தில் நின்ற காகிதம். எழுந்துபோய் வாங்கியிருந்தால் என்ன ஆகியிருக்கும்? அம்மா எழ மாட்டாள், சரி. மூடநம்பிக்கை பற்றிப் பேச்சுப் போட்டியில் பரிசு வாங்கிய இவள் ஏன் எழவில்லை? எழக் கூடாது என்று இவளும் நம்பினாளா, அல்லது அம்மாவின் முகத்துக்குப் பயந்தாளா? 

அடுத்த தையில் வள்ளியம்மாளுக்கு மஞ்சள் காமாலை. மணவூரில் அண்ணன் வீட்டில் மூன்று மாதம் கிடந்தாள். கல்லூரிக்குப் போய்வர வசதியாக யோகலட்சுமி திருத்தணியில் ஒரு தோழி வீட்டில் தங்கினாள். பங்குனியில் இருவரும் திரும்பி வந்து கூடத்துக்குள் போனால், குழித்தறி இல்லை. பள்ளத்தில் செங்கல் ஜல்லி கொட்டி சிமெண்ட் பூசி, அதன்மேல் மூன்று விசைத்தறி நின்றது. குழித்தறியின் மரங்கள் வெளியே வேப்பமரத்தில் சாய்த்து வைக்கப்பட்டிருந்தன. தறிகளின் நாடா ஓடும் சத்தத்தில் வள்ளியம்மாள் கத்தியது யாருக்கும் கேட்கவில்லை.

பரந்தாமன் சுவிட்சை நிறுத்திவிட்டு நிதானமாகப் பேசினார்.

"பள்ளத்துல தண்ணி ஊறிக்கினே இருந்துச்சும்மா. பாம்பு பூரான் அடையும். அதான் மூடிட்டேன். சும்மா கெடந்த எடந்தான?"

"என் எடம் பாவா."

"யாரு இல்லேன்னா? அதெல்லாம் கோர்ட்டு சொல்லட்டும். நீ நோவுல வுழுந்து எழுந்தவ, குழியில இறங்கி ஏறி இன்னாத்துக்கு அவதிப்படுற? நம்ம தறியிலயே வந்து ஓட்டு. வெளியாளுக்குக் குடுக்குற கூலிய உனக்குக் குடுக்குறேன்."

அந்த 'நம்ம'வைக் கேட்டபோது யோகலட்சுமிக்கு உடம்பு எரிந்தது. ஆனால் வீட்டில் அரிசி வேண்டும், இவள் கல்லூரியில் இருக்கிறாள். வக்கீல் பாலசுப்பிரமணியனைப் பார்த்தார்கள். உயில் செல்லாது என்று ஆனபின் பாதி உங்களுடையதுதான், பாகம் பிரித்து மேற்குப் பாதியை ஒப்படைக்கச் சொல்லி வழக்குப் போடலாம் என்றார். தொண்ணூற்றேழு ஆனியில் போட்டார்கள். அது இரண்டாம் வழக்கு. அது முடியும்வரை, வேறு வழியில்லாமல், வள்ளியம்மாள் தன் சொந்தத் தரையில் நின்று பரந்தாமனின் தறியைக் கூலிக்கு ஓட்டினாள்.

"சொந்த வூட்டுக்கே விருந்தாடி வந்த மாதிரி இருக்குதுக்கா," என்பாள் எதிர்வீட்டுக் கன்னியம்மாள். அவள் நாக்குக்குத் தெருவே பயப்படும்.

"விருந்தாடிக்காச்சும் சோறு போடுவாங்கடி. எனக்கு டீயே பத்து மணிக்குத்தான்."

இரண்டாம் வழக்கு விசாரணைக்கு வந்தபோது தொண்ணூற்றெட்டு ஐப்பசி. வள்ளியம்மாள் சாட்சி சொல்லப் புதுப்புடவை கட்டிக்கொண்டு போனாள். அன்றுதான் பரந்தாமனின் வக்கீல் ஒரு மனு நீட்டினார். முதல் வழக்கின் தீர்ப்பை எதிர்த்து மேல்கோர்ட்டில் அப்பீல் நிலுவையில் இருக்கிறது. அங்கேயும் இதே உயில், இதே கூடம். ஆகவே அது முடியும்வரை இந்த வழக்கை நிறுத்திவைக்க வேண்டும்.

வக்கீல் பாலசுப்பிரமணியனுக்கே அது புதுச் செய்தி. மலையடிவாரத்தில் இருந்த தன் அறைக்குக் கூட்டிவந்து, காகிதத்தை மேசையில் போட்டார்.

"அப்பீல் போட்டு ரெண்டு வருஷம் ஆச்சு. நோட்டீஸ் வந்ததை ஏன்மா எங்கிட்ட சொல்லலை?"

"இன்னா நோட்டீஸ்?"

"நீங்க வாங்க மாட்டேன்னு சொன்ன நோட்டீஸ். 'வாங்க மறுத்துவிட்டார், கதவில் ஒட்டப்பட்டது, சாட்சி ஜம்புலிங்கம்.' இதோ பாருங்க. அங்க உங்களுக்காக யாருமே ஆஜராகலை."

வள்ளியம்மாள் மகளைப் பார்த்தாள். மகள் தரையைப் பார்த்தாள்.

"மறுக்கலையே சார்," என்றாள் வள்ளியம்மாள். "சாயங்காலம் வாங்கன்னு சொன்னேன். காப்பி கூட வெச்சேன்."

"அதை அவர் எழுதலையேம்மா."

கதவில் ஒட்டியது என்ன ஆயிற்று என்று ஜம்புலிங்கத்தைக் கேட்டாள் யோகலட்சுமி. "தெருவுல ஆடு திரியுது, எதுனா துன்னிருக்கும்," என்றான். கூடத்துக்கு இருப்பது ஒரே கதவு. அதன் சாவி பரந்தாமனிடம். பசை காயும் முன்னே வந்து தின்ன அந்த ஆடு யாருடையது என்று கேட்க அவள் வாய் வரை வந்தது. கேட்டு என்ன?

கோர்ட் வழக்கை நிறுத்தி வைத்தது. உத்தரவை யோகலட்சுமி நாலைந்து முறை படித்தாள். முன்னால் போட்ட வழக்கில் இருக்கும் கேள்வியே பின்னால் போட்ட வழக்கிலும் இருந்தால், முன்னது முடியும்வரை பின்னதை விசாரிக்கக் கூடாது. அப்பீலும் அந்த முன் வழக்கின் தொடர்ச்சிதான். இரண்டு கோர்ட் ஒரே உயிலைப் பார்த்து ஒன்று செல்லும் என்றும் மற்றொன்று செல்லாது என்றும் சொன்னால் ஊர் சிரிக்காதா? நியாயமான விதி. அதுதான் அவளை அதிகம் கோபப்படுத்தியது. அநியாயமான விதியாக இருந்தால் திட்டிவிட்டுப் போகலாம். இந்த விதி சரி. ஆனால் அது நடுவில் இருக்கும் காலத்தைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. அந்தக் காலத்தில் தரையின் மேல் யார் நிற்பது? ஏற்கெனவே நிற்பவர். எப்படி நிற்கிறார் என்று யாரும் கேட்கவில்லை.

மனுவோடு பரந்தாமனின் பிரமாண வாக்குமூலமும் இருந்தது. அதையும் அம்மாவுக்கு வாசித்துக் காட்டினாள். 'வாதியானவர் என் தறிக்கூடத்தில் தினக்கூலியாக வேலை செய்பவர். கூடத்தின்மேல் அவருக்கு வேறு எந்த அனுபவ உரிமையும் கிடையாது.'

"மறுபடி படி."

படித்தாள்.

 மறுநாள் காலை ஏழு மணிக்கு வள்ளியம்மாள் சோற்று டப்பாவை எடுத்துக்கொண்டு கிளம்பினாள். பின்பக்கம் பதினைந்து அடி நடந்தால் கூடம். அவள் முன்பக்கம் இறங்கி, சாலைக்குப் போய், ஆர்.கே.பேட்டை டவுன் பஸ்ஸில் ஏறினாள். அங்கே ஒரு தறிக்காரரிடம் வேலை கேட்டாள். அன்று முதல் ஏழு வருஷம், போக ஒரு பஸ், வர ஒரு பஸ். மழையில் பஸ் வராத நாளில் நடந்து வந்து கால் வீங்கிக் கிடந்திருக்கிறாள். வீட்டுப் பின்னால், அவள் தரையில், மூன்று தறி தடதடத்துக்கொண்டிருக்கும்.

அப்பீல் கோர்ட்டில் ஆஜராக அனுமதி கேட்டு மனுப் போட்டார்கள். நோட்டீஸை ஏன் மறுத்தீர்கள் என்று நீதிபதி நேரடியாகவே கேட்டார். வக்கீல் பதில் சொல்ல எழுமுன் வள்ளியம்மாள் சொல்லத் தொடங்கிவிட்டாள். பழைய பாவு, புதுப் பாவு, சாம்பல், இரண்டாயிரம் இழை எல்லாம். கையை நீட்டி, விரலை முறுக்கிக் காட்டினாள். கோர்ட்டில் இரண்டு பேர் சிரித்தார்கள். நீதிபதி சிரிக்கவில்லை.

"நடுவில் எழுந்தால் என்ன ஆகும்?"

"இழை தப்பிடுங்க. ஒண்ணு தப்புனா புடவை பூரா கோடு வுழும். அத்த யாரும் வாங்க மாட்டாங்க."

அவர் அனுமதி கொடுத்தார். அந்த ஏழு வருஷத்தில் ஒரு கோர்ட் வள்ளியம்மாளிடம் அவள் தொழிலைப் பற்றிக் கேட்டுத் தெரிந்துகொண்ட நாள் அது ஒன்றுதான். அடுத்த மாதமே அந்த நீதிபதி மாற்றலாகிப் போனார்.

பிறகு வாய்தா ஆரம்பித்தது. உயிலின் அசல் கீழ்க்கோர்ட்டிலிருந்து வரவில்லை என்று ஒரு வருஷம். வந்தபோது நீதிபதி இடம் காலி என்று எட்டு மாதம். பரந்தாமனின் வக்கீலுக்கு முதுகுவலி, அவர் மகளுக்குக் கல்யாணம், அப்புறம் ஜூனியர் மாறினார், வழக்குக் கட்டைப் படிக்க அவகாசம் வேண்டும். அப்பீல் போட்டவர் பரந்தாமன். தீர்ப்பு தப்பு என்று சொல்பவர் அவர். அவசரப்பட வேண்டியவரும் அவர்தானே? அவருக்கு என்ன அவசரம்? அப்பீல் உயிரோடு இருக்கும்வரை மேற்குப் பாதி அவருடையது. ஜெயித்தால் நிரந்தரமாக அவருடையது. தோற்றால்தான் இறங்க வேண்டும். தோற்காமல் இருக்க எளிய வழி, முடியாமல் பார்த்துக்கொள்வது.

யோகலட்சுமி பி.ஏ. முடித்தாள். அந்தக் குடும்பத்தில் முதல் பட்டம். பரந்தாமன் தெருவில் எல்லோர் முன்பும் நூறு ரூபாய் நோட்டை நீட்டி வாழ்த்தினார். அவள் நோட்டை வாங்காமல் கேட்டுவிட்டாள்.

"பெரியப்பா, அப்பீல் போட்டது நீங்க. உங்களுக்கு நியாயம் வேணும்னா சீக்கிரமா கெடைக்கணும்னு தோணலையா?"

"கோர்ட்டு மேல மரியாதை வேணும்மா. நம்ம இஷ்டத்துக்கு வெரட்ட முடியுமா?"

"ஒவ்வொரு தடவையும் வாய்தா கேக்கறது யாரு?"

"வக்கீல் கேக்கறாரு. நான் தறிக்காரன், எனக்கு இன்னா தெரியும்? நீதான் டிகிரி படிச்சவ." சுற்றி நின்றவர்களைப் பார்த்துச் சிரித்தார். "எங்க தீனா பொண்ணு வக்கீலாட்டம் பேசுது பாத்தீங்களா? இவ நைனா இருந்திருந்தா பூரிச்சிருப்பான்."

அவர் கெட்டவரா? இந்தக் கேள்வியும் அவளை விடவில்லை. பாட்டியைக் கடைசிக் காலத்தில் பார்த்துக்கொண்டது அவர்தான். கூடத்தில் விசைத்தறிக்கு மின் இணைப்பு வாங்க ஆபீஸ் ஆபீஸாக அலைந்தது அவர்தான். இத்தனை செய்தவனுக்கு முழுவதும் வரவேண்டும் என்று அவர் உண்மையாகவே நம்பியிருக்கலாம். அப்படி நம்புகிறவர் ஒரு வழக்கைப் போட்டுத் தோற்றுக் கண்ணியமாக இறங்கலாமே. நிறுத்தி வைத்த வழக்கின் நிழலில் ஏன் இளைப்பாற வேண்டும்? அந்த இடத்தில் வந்து அவள் இரக்கம் தீர்ந்துவிடும்.

சென்னையில் ஒரு கூரியர் ஆபீஸில் வேலை கிடைத்தது. திருத்தணியிலிருந்து காலை மின்சார ரயில், பெண்கள் பெட்டி. அதில் தினமும் வரும் சந்திரா என்ற பெண் ஐகோர்ட் வக்கீல் ஒருவரிடம் குமாஸ்தா. இரண்டாயிரத்து மூன்றில் ஒருநாள், அரக்கோணம் தாண்டியதும், யோகலட்சுமி தன் கதையைச் சொல்லி முடிக்குமுன் சந்திரா குறுக்கிட்டாள்.

"ஏழு வருஷமா அப்பீல் கெடக்குதா? சீக்கிரம் முடிக்கச் சொல்லி இங்க ஒரு மனுப் போட வேண்டியதுதான? மூணு மாசத்துல முடின்னு ஐகோர்ட் சொல்லும். எங்க ஆபீஸ்ல வாரத்துக்கு ரெண்டு போடறாங்க."

"அப்படி ஒண்ணு இருக்கா?"

"இன்னாம்மா நீ, பி.ஏ.ன்னு சொன்ன?"

ஊருக்கு வந்து பாலசுப்பிரமணியனைக் கேட்டாள். "இருக்கு," என்றார். "ஆனா நான் தினம் இந்த கோர்ட்டுலதானே நிக்கணும்? மேல போய்ச் சொல்லிட்டான்னு எவராவது மனசுல வெச்சா? அதான் சொல்லலை." அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டிருந்தார். ஐந்து வருஷம் அம்மா பஸ் ஏறி இறங்கியது இவருடைய தயக்கத்தின் மேல்தானா? அவள் சத்தம் போடவில்லை. சத்தம் போட்டிருக்க வேண்டும் என்று பின்னால் தோன்றியது.

சந்திரா சொன்னபடியே ஆயிற்று. மூன்று மாதத்தில் முடிக்க உத்தரவு வந்தது. முதுகுவலி வக்கீல் மூன்றாம் வாரமே நிமிர்ந்து நின்று வாதாடினார். இரண்டாயிரத்து நாலு பங்குனியில் அப்பீல் தள்ளுபடி. உயில் செல்லாது, மறுபடியும்.

நிறுத்திவைத்த வழக்குக்கு உயிர் வந்தது. விசாரணைக்குப் போட்ட முதல் நாளே பரந்தாமனின் வக்கீல் எழுந்து அதே மனுவை நீட்டினார். ஐகோர்ட்டில் இரண்டாவது அப்பீல் தாக்கல் செய்திருக்கிறோம், அது முடியும்வரை இந்த வழக்கை நிறுத்த வேண்டும். தேதியையும் கோர்ட் பெயரையும் தவிர பழைய மனுவின் வரிகள் அப்படியே இருந்தன. யோகலட்சுமி லீவு போட்டு வந்திருந்தாள். பெஞ்சில் இருந்து எழுந்துவிட்டாள். சிறுபெண்ணாக இருந்தபோது தாவணியைப் பிடித்து உட்காரவைத்ததுபோல், அம்மா அவள் புடவை முந்தானையை இழுத்தாள்.

இந்த முறை பாலசுப்பிரமணியன் தயங்கவில்லை. "அப்பீல் நம்பர் என்ன?" என்று கேட்டார்.

"நம்பர் இன்னும் ஆகவில்லை. காகிதத்தில் சில குறை சரிசெய்யத் திருப்பியிருக்கிறார்கள்."

"எப்போது திருப்பினார்கள்?"

"நாலு மாதம் முன்பு."

நீதிபதி ஒரு பெண். வயது முப்பத்தைந்துக்குள் இருக்கும். மனுவைப் பார்த்தார், பழைய கட்டைப் புரட்டினார். "கோப்பிலேயே ஏறாத அப்பீலை நிலுவையில் உள்ள அப்பீல் என்று எப்படிச் சொல்கிறீர்கள்? நாலு மாதமாகக் குறையைச் சரிசெய்யவில்லை. இங்கே ஆறு வருஷம் நின்றிருக்கிறது. மனு தள்ளுபடி. வாதியைக் கூப்பிடுங்கள்."

வள்ளியம்மாள் கூண்டில் ஏறினாள். முதல்நாள் கேள்விகளுக்கு நிதானமாகப் பதில் சொன்னாள். மறுநாள் குறுக்கு விசாரணை. பரந்தாமனின் வக்கீல் கடைசிக்கென்று ஒன்றை வைத்திருந்தார்.

"தொண்ணூற்றேழிலும் தொண்ணூற்றெட்டிலும் பிரதிவாதியின் தறியில் கூலிக்கு வேலை பார்த்தீர்களா?"

"ஆங், பார்த்தேன்."

"கூடம் அவருடையது என்று ஒப்புக்கொண்டுதானே உள்ளே போனீர்கள்?"

 பசிக்கு ஓட்டிய தறி இப்போது கழுத்துக்கு வருகிறது.

"மிஷின் அவருதுங்க," என்றாள் வள்ளியம்மாள். "அத்த என்னுதுன்னு என்னிக்காச்சும் சொன்னேனா? தரைதான் என்னுது. வேணும்னா என் தரையில படாம மிஷினத் தலை மேல தூக்கி வெச்சுகினு ஓட்டச் சொல்லுங்க. நான் ஒண்ணும் கேக்க மாட்டேன்."

பெஞ்சில் இருந்தவர்கள் சிரித்தார்கள். இந்த முறை நீதிபதியும் சிரிப்பை அடக்கக் காகிதத்தைப் பார்த்துக்கொண்டார். பரந்தாமனின் வக்கீல் வேறு கேள்வி இல்லை என்று உட்கார்ந்தார்.

மேற்குப் பாதி வள்ளியம்மாளுக்கும் அவள் மகளுக்கும் என்று தீர்ப்பு வந்தது. அளந்து பிரித்துக் கொடுக்க கோர்ட் ஒரு வக்கீலைக் கமிஷனராக அனுப்பியது. இரண்டாயிரத்து ஐந்து ஆவணியில் அவர் டேப்போடு வந்தார். விசைத்தறிகளின் போல்ட்டைக் கழற்ற ஆர்.கே.பேட்டையிலிருந்து ஆள் வந்தது. ஜம்புலிங்கமே ஒரு பக்கம் பிடித்தான். மூன்று தறியும் வெளியே போக மத்தியானம் ஆயிற்று. சிமெண்டுத் தரை முழுக்க எண்ணெய்க் கறை. போல்ட் இருந்த இடத்தில் பன்னிரண்டு ஓட்டை. கன்னியம்மாள் வாசலில் நின்று எண்ணிச் சொன்னாள். அங்கே மறுபடி குழி தோண்டுவதா, தானும் ஒரு விசைத்தறி வாங்கிப் போடுவதா என்று வள்ளியம்மாள் அன்று முடிவு செய்திருக்கவில்லை. அவளுக்கு அப்போது ஐம்பத்து மூன்று வயது. தறியில் உட்கார இன்னும் எத்தனை வருஷம் மிச்சம்? எடுத்துக்கொண்ட ஏழு வருஷத்தை எந்தக் கமிஷனர் அளந்து கொடுப்பார்? தீர்ப்பில் அதற்கு ஒரு வரிகூட இல்லை. யோகலட்சுமி இரண்டு தடவை தேடிவிட்டாள்.

கமிஷனர் காட்டிய இடத்தில் பரந்தாமன் கையெழுத்துப் போட்டார்.  பேனாவைத் திருப்பிக் கொடுத்துவிட்டுத் தம்பி மனைவியைப் பார்த்தார்.

"இதோட முடிஞ்சுதுன்னு நெனைக்காத வள்ளி. இந்தத் தீர்ப்பு மேலயும் அப்பீல் போடுவேன்."

யோகலட்சுமி பதில் சொல்ல வாயெடுத்தாள். அதற்குள் வள்ளியம்மாள் செருப்பை வாசலில் கழற்றிவிட்டு உள்ளே போய், எண்ணெய்க் கறை படாத ஓர் இடம் பார்த்துத் தரையில் உட்கார்ந்துவிட்டாள். காலை நீட்டிக்கொண்டாள்.

"போடுங்க பாவா," என்றாள். "யாரு வேணான்னது? அது முடியற வரைக்கும் காத்துகினு இருப்போம். இந்த வாட்டி நான் உள்ள இருந்துகினு காத்துகினு இருக்கேன். நீங்க வெளிய நின்னுகினு காத்துகினு இருங்க."